அறந்தாங்கி அருகே

கண் தெரியாதவன் சுவரில் முட்டிக்கொள்வான் என்று நாடெங்கும் ஒரு நம்பிக்கை நிலவுகிறது. இது பிழை. படித்தவர்கள், பொறுப்பான பதவிகளில் இருப்பவர்கள், கண் மருத்துவர்களிலேயே ஒரு சிலர் இதை நம்பிக்கொண்டிருப்பதால், இதைத் திருத்திவிட்டு மேலே செல்வதுதான் முறை. எனக்கு வயது நாற்பத்தொன்று, கண் ஏறக்குறைய போய்விட்டது, இன்றுவரை ஒரு சுவரிலும் நான் முட்டிக்கொண்டதில்லை. சுவர் எனக்கு நன்றாகத் தெரியும், அதை நேராகப் பார்க்காத வரையில். நேராகப் பார்த்தால் பார்த்த இடம் மட்டும் இல்லாமல் போகும். கறை என்று சொல்ல மாட்டேன், கறை என்றால் எதையாவது மறைத்துக்கொண்டிருக்க வேண்டும், இது மறைப்பதில்லை, அங்கே எதுவும் இருந்ததே இல்லை என்று சாதிக்கிறது. ஆகவே ஒன்றைப் பார்க்க வேண்டுமானால் அதைப் பார்க்கக் கூடாது, பக்கத்தில் இருக்கும் வேறொன்றைப் பார்க்க வேண்டும். பானுவின் முகம் வேண்டுமென்றால் அவள் தலைக்குப் பின்னால் தொங்கும் காலண்டரை நான் பார்க்கிறேன், முதல் தடவை வந்தபோது அவள் பல்லி ஏதும் இருக்கிறதோ என்று மூன்று முறை திரும்பிப் பார்த்தாள், பிறகு என்னை நாள் நட்சத்திரத்தில் நம்பிக்கை உள்ளவன் என்று முடிவுகட்டிவிட்டாள். இப்போதும் காலண்டரைத்தான் பார்க்கிறேன், காலண்டரின் கீழே பானு இருக்கிறாள், பானுவின் முன்னால் கம்ப்யூட்டர், கம்ப்யூட்டருக்குள் என் விண்ணப்பம், புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்புறம் ஜெராக்ஸ் மிஷினின் சூடும் மையின் நாற்றமும் அடிக்கிற இந்தக் கடையில் என் எதிர்காலம் ஒரு வட்டமாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. சுத்துது சார், இன்னிக்குக் கடைசி நாள் இல்லையா, எல்லாரும் ஒரே நேரத்துல உள்ள வராங்க என்கிறாள். அரசு வேலைத் தேர்வுக்கு விண்ணப்பித்தவர்கள் செய்த தவறுகளைத் திருத்திக்கொள்ள மூன்று நாள் கொடுத்திருக்கிறார்கள், அதில் இது மூன்றாவது, மாலையோடு கதவு சாத்தப்படும். அந்த வட்டத்தை நேராகப் பார்க்கிறேன். இல்லை. நின்றுவிட்டது என்று கொஞ்ச நேரம் சந்தோஷப்படுகிறேன். விசைப்பலகையைப் பார்க்கிறேன், மேலே ஓரத்தில் சுற்றிக்கொண்டுதான் இருக்கிறது.

நான் செய்த தவறு ஒரே ஒரு சொல். மாற்றுத் திறனாளியா என்றால் ஆம், அதில் தவறில்லை, நாற்பது விழுக்காட்டுக்கு அட்டை இருக்கிறது, பார்வையை எந்தத் தராசில் வைத்து நாற்பது என்று நிறுத்தார்கள் என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை, அந்த டாக்டர் விரல்களை நீட்டி எத்தனை என்றார், விரல் தெரிய வேண்டுமே என்று நான் அவருடைய காதைப் பார்த்தேன், சார் என்னைப் பார்த்துச் சொல்லுங்க என்று அதட்டினார், அவர் சொன்னபடி பார்த்தேன், கையே இல்லை, பயந்துபோய் மறுபடி காதுக்குப் போய் மூன்று என்றேன், சரி என்று எழுதினார். அது ஆறு வருடத்துக்கு முன்னால், அப்போது பூதக்கண்ணாடி வைத்தால் எழுத்து வரும், வரிக்கு நாலு எழுத்தாக வரும், ஆனாலும் வரும். போன தை மாதத்தோடு அதுவும் நின்றது. அடுத்த கேள்விதான் என்னைக் கவிழ்த்தது: சொல்வதை எழுத உதவியாளர் தேவையா. பதினோரு நாளைக்கு முன்னால் இதே நாற்காலியில் நான் உட்கார்ந்திருந்தேன், இடது பக்கம் அரசி. முழுப் பெயர் மங்கையர்க்கரசி, என் மனைவி, ரேஷன் கடை விற்பனையாளர், அரிசிக்கும் பாமாயிலுக்கும் வரும் கூட்டத்தை மெஷினில் கட்டைவிரல் வைக்கச் சொல்லி எட்டு மணி நேரம் நின்றுவிட்டு வருகிறவள். பானு அந்தக் கேள்வியைப் படித்தாள். அரசியின் புடவை நாற்காலியில் உரசிய சத்தம் கேட்டது, என் பக்கம் திரும்புகிறாள் என்று தெரிந்தது. எதுக்கு, நானே படிப்பேனே, வேண்டாம் என்றேன். எவ்வளவு தெளிவாகச் சொன்னேன், வகுப்பில் செய்யுள் சொல்வது போல. பிறகு பானு அச்சடித்துக் கொடுத்த தாளை வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய், சட்டைப் பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்து, வரி வரியாக நகர்த்தி, நடுவில் ஒரு இடத்தில் நிறுத்தி, கண்ணாடியைக் கொஞ்சம் உயர்த்தி, எல்லாம் சரியாக இருக்கிறது என்றேன். அந்த நடுவில் நிறுத்தியது இருக்கிறதே, அதுதான் கலை. படிக்கிறவன் எங்காவது ஓர் இடத்தில் சந்தேகப்பட வேண்டும், இல்லாவிட்டால் யாரும் நம்ப மாட்டார்கள். இதை நான் தினமும் காலையில் பேப்பரில் பழகியது.

பேப்பர். காலையில் நான் முதலில் எழுந்து குளியலறைக்குப் போய்க் கதவைச் சாத்திக் காதில் வயரை மாட்டி வானொலிச் செய்தி முழுவதையும் கேட்டுவிடுவேன். பேப்பர் விழுந்ததும் எடுத்துவந்து அடுப்படி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து விரித்துப் படிப்பேன், அரசி தாளித்துக்கொண்டே கேட்பாள், கல்யாணமான முதல் வாரத்தில் தொடங்கிய வழக்கம், அப்போது நிஜமாகவே படித்தேன், அவளுக்குக் காலையில் பேப்பர் எடுக்கக் கை ஒழியாது, சாயங்காலம் எடுத்தால் தூக்கம் வந்துவிடும். தைக்குப் பிறகு நிறுத்தியிருக்கலாம். கண் சுத்தமாகப் போச்சு என்று ஒரு வார்த்தை. அதைச் சொல்லியிருந்தால் அவள் அழுதிருக்க மாட்டாள், அழுகிறவள் இல்லை, உடனே ஏற்பாடு செய்யத் தொடங்கியிருப்பாள், யாரைப் பார்ப்பது, எங்கே போவது, எந்த அட்டையை மாற்றுவது, பன்னிரண்டு வருடமாகக் கணவனாக இருந்தவன் ஒரு காலைக்குள் அவள் கடையில் வரிசையில் நிற்கிற இன்னொரு அட்டைதாரர் ஆகியிருப்பேன், அவள் என் கட்டைவிரலைப் பிடித்து மெஷினில் வைப்பாள். அதற்குப் பயந்துதான். வானொலியில் தலைப்புச் செய்தி கிடைத்துவிடும், விலைவாசி கிடைத்துவிடும், ஆனால் வானொலிக்கு உள்ளூர் தெரியாது, பேப்பர் என்றால் உள்ளூர் இருக்க வேண்டும். ஆகவே அறந்தாங்கி அருகே என்று ஒன்று தொடங்கினேன். அறந்தாங்கி அருகே கிணற்றில் விழுந்த ஆட்டை மீட்கப் போன தீயணைப்பு வீரரை ஆடு முட்டியது. அறந்தாங்கி அருகே மாப்பிள்ளை ஊர்வலக் குதிரை, பந்தலில் நிற்காமல் தன் சொந்தக்காரர் வீட்டுக்குப் போய்விட்டது, மாப்பிள்ளையும் கூடவே போனார். அரசி கரண்டியை வைத்துவிட்டுச் சிரித்தாள். எந்தப் பக்கத்துல போட்டிருக்கான் என்றாள் ஒரு நாள். ஏழாம் பக்கம், கீழே ஓரத்தில் என்றேன், ஒரு விநாடிகூடத் தயங்காமல்.

பின்னால் நிற்கிற ஒருவர் லேமினேஷனுக்கு இன்னும் எவ்வளவு நேரமாகும் என்று கேட்கிறார். வட்டம் சுற்றுகிறது. வேண்டாம் என்பதை வேண்டும் என்று மாற்ற வேண்டும், அவ்வளவுதான், மாற்றாவிட்டால் தேர்வறையில் மூன்று மணி நேரம் ஒரு வெள்ளைத் தாளோடு உட்கார்ந்திருப்பேன், மற்றவர்களுக்கு அதில் கேள்விகள் இருக்கும். பானு காதில் ரகசியமாகச் சொல்லி இன்றோடு முடித்துவிடலாம் என்றுதான் அரசி கடையில் இருக்கிற நேரம் பார்த்துத் தனியாக வந்தேன். நான் பாடம் நடத்துகிற பயிற்சி மையத்தில் ஆனி மாதத்திலிருந்து எல்லா வகுப்பும் திரையில்தான் என்று சொல்லிவிட்டார்கள், ஆசிரியர் திரையில் வருவதைப் படித்து விளக்க வேண்டுமாம். இருபது வருடமாகப் புத்தகத்தைத் தொடாமல் நடத்தியவன் நான், செய்யுளும் உரையும் தலைக்குள் இருக்கிறது, தலைக்குள் இருப்பது திரையில் வராதே சார் என்றார் மையத்தை நடத்துகிறவர், மரியாதையாகத்தான் சொன்னார். ஆகவே இந்தத் தேர்வு, இந்த வேலை, இல்லாவிட்டால் அடுப்படி வாசல் நாற்காலி, நாளெல்லாம். கேட்பதற்கும் ஆள் இல்லாமல், அவள் கடைக்குப் போய்விடுவாள். உதவியாளர் வந்தால் மட்டும் என்ன. விடுதியில் என்னோடு இருந்த கனகசபை பிறவியிலேயே பார்வை இல்லாதவன், இன்று வங்கியில் இருக்கிறான், தேர்வில் அவனுக்கு வந்த உதவியாளர் ஓய்வுபெற்ற டீச்சராம், இவன் இரண்டாவது விடை என்றால் தம்பி அவசரப்படாம யோசிங்க என்பாராம், இவன் யோசித்துவிட்டு மறுபடி இரண்டு என்றால் பெருமூச்சு விட்டு எழுதுவாராம், எதை எழுதினாரோ, டேய் பாஸ் பண்ணது நானா அந்தம்மாவான்னு இன்னும் எனக்குத் தெரியல என்பான், சொல்லிவிட்டுச் சிரிப்பான், நானும் சிரித்தேன், அப்போது எனக்கு எழுத்து வந்துகொண்டிருந்தது. இனி என் விடையும் யாரோ ஒருவருடைய பெருமூச்சைத் தாண்டிப் போக வேண்டும். இருக்கட்டும். அதைப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாதது வேறு. திருத்தத்தை ஏற்பதற்கு ஓடிபி வரும், பிறகு என்ன மாற்றப்பட்டது என்று தமிழிலேயே ஒரு செய்தியும் வரும், இரண்டும் வருவது அரசியின் போனுக்கு, ஏனென்றால் முதலில் பதிவு செய்த அன்று என் போன் ரிப்பேரில் இருந்தது, அவள் நம்பரைக் கொடுத்தோம், அதை மாற்ற முடியாது. இதை நான் வீட்டிலிருந்து கிளம்பும்போது மறந்துவிட்டேன். மறக்கவில்லை. பஸ் ஸ்டாண்ட் வரும்வரை நினைக்காமல் வந்தேன், நேராகப் பார்க்காமல், ஓரமாக.

வந்துருச்சு சார் என்கிறாள் பானு. விண்ணப்பம் திறந்துவிட்டது. ஒரே ஒரு தடவைதான் திருத்த முடியும், அதனால முழுசா ஒரு தடவை படிச்சுடறேன் என்று தொடங்குகிறாள், பெயர், தந்தை பெயர், பிறந்த தேதி, அவள் குரல் ஒரே சீராகப் போகிறது, நான் காலண்டரில் இருக்கிறேன். திடீரென்று நிற்கிறது.

"சார், உங்களுக்குக் கல்யாணம் ஆயிருச்சுல்ல?"

பன்னிரண்டு வருஷம் என்கிறேன்.

"ஆகாதவர்னு இருக்கே சார் இதுல."

எப்படி என்கிறேன். முன்னால் வந்த பையனுடைய விவரம் அப்படியே நின்றிருக்கும், தன் தப்புதான் என்கிறாள், பிறகு தப்பைத் தான் மட்டும் சுமக்க மனமில்லாமல், நீங்கதான சார் லென்ஸ் வச்சுப் பாத்து எல்லாம் சரியா இருக்குன்னீங்க என்று ஆரம்பித்து, பாதியில் நிறுத்தி, விசைப்பலகையில் எதையோ தட்டுகிறாள், அது எழுத்து அல்ல, சும்மா தட்டுவது. நான் காத்திருக்கிறேன். இன்னும் ஏதோ இருக்கிறது என்று அந்தத் தட்டலில் தெரிகிறது.

"இப்பதான் ஞாபகம் வருது, மேடம் அன்னிக்கே இதப் பாத்துட்டாங்க சார். நீங்க வாசல்ல நின்னு பாத்துட்டு இருந்தீங்க. நான் மாத்தப் போனேன், கையப் புடிச்சுக்கிட்டாங்க. இருங்க, அவர் பாத்துச் சொல்லட்டும்னாங்க. நீங்க சரின்னு சொன்னதும், அப்ப அனுப்பிடுங்கன்னு அவங்களே சொல்லிட்டாங்க. உங்களுக்குள்ள ஏதோ விளையாட்டுன்னு நெனச்சேன்."

விளையாட்டு. நான் வாசலில் கண்ணாடியை நகர்த்துகிறேன், நடுவில் நிறுத்துகிறேன், சந்தேகப்படுகிறேன், அந்த நேரத்தில் இங்கே அரசி பானுவின் கையைப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். திருமணமாகாதவர் என்பதைத் தாண்டித்தானே கண்ணாடியை நகர்த்தியிருப்பேன், ஒருவேளை நிறுத்திய இடமே அதுதானோ. அதன்மேல் நின்று எல்லாம் சரியாக இருக்கிறது என்றேனோ. அவள் என்ன நினைத்திருப்பாள், வீட்டுக்குத் திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னல் பக்கம் உட்காரச் சொன்னாள், காத்து வருது என்றாள், அவ்வளவுதான் பேசினாள். மறுநாள் காலை நான் பேப்பரை விரித்தேன். இதை நினைக்காமல் இருக்க முடியுமா என்று பார்க்கிறேன், முடியவில்லை, நேராக வந்து நிற்கிறது, இது மட்டும் நேராகப் பார்த்தாலும் மறையவில்லை. மறுநாள் நான் பேப்பரை விரித்தேன், அவள் தாளித்துக்கொண்டே கேட்டாள், தலைப்புச் செய்தி முடிந்தது, விலைவாசி முடிந்தது, இன்னிக்கு அறந்தாங்கி ஒன்னும் இல்லையா என்றாள். அதற்கு முன்னால் அவள் ஒருநாளும் கேட்டதில்லை, நானாகச் சொன்னால் சிரிப்பாள், அவ்வளவுதான். அன்றிலிருந்து தினமும் கேட்டாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. வகுப்பில் அரைத் தூக்கத்தில் இருக்கிற பிள்ளைகளைப் பார்த்தே பழகியவனுக்குக் கேட்டு வாங்குகிற ஒரு ஆள் கிடைத்துவிட்டாள், பதினோரு நாளும் ராத்திரி படுக்கையில் அடுத்த நாளுக்கு யோசித்து வைத்தேன். அறந்தாங்கி அருகே ஒரு வீட்டுக்குள் புகுந்த திருடன் பசிக்குத் தோசை வார்த்துச் சாப்பிட்டுவிட்டுச் சட்டி பானையைக் கழுவி வைத்துவிட்டுப் போனான். அதற்குச் சிரித்தாளா. சிரித்தாள். கொஞ்சம் தாமதமாக. அந்தத் தாமதத்தை நான் ரசனை என்று எடுத்துக்கொண்டேன். பால் பாக்கெட் சில நாளாக ஒரே இடத்தில் இருக்கிறது, நாற்காலிகள் நகர்வதில்லை, தட்டில் சட்னி எந்தப் பக்கம் என்று சொல்லிவிட்டு வைக்கிறாள், இதையெல்லாம் கவனித்தேன், வீடு ஒழுங்காகிவிட்டது என்று நினைத்தேன். நான் அவளுக்குப் படித்துக் காட்டுகிறேன் என்று இருந்தேன். அவள் எனக்குக் கேட்டுக் காட்டிக்கொண்டிருந்தாள்.

ரெண்டையும் மாத்திடவா சார் என்கிறாள் பானு. பின்னால் லேமினேஷன்காரர் செருமுகிறார். மாற்று என்கிறேனா, தலையை அசைக்கிறேனா, தெரியவில்லை. ஓடிபி மேடத்துக்குப் போகும் என்கிறாள். போனை எடுக்கிறேன், அரசியின் எண் மட்டும் விரலுக்குத் தெரியும். ரேஷன் கடை இரைச்சல் முதலில் வருகிறது, துவரம்பருப்பு அடுத்த வாரம்தான் என்று யாருக்கோ சொல்லிவிட்டு, சொல்லுங்க என்கிறாள்.

"ஒரு நம்பர் வரும். அதச் சொல்லு."

"எதுக்கு?"

"விண்ணப்பத்துல ஒரு திருத்தம். கல்யாணம் ஆகலைன்னு போட்டிருக்கு."

கடை இரைச்சலுக்கு நடுவில் மூட்டை ஒன்று தரையில் விழுகிறது.

"எப்பப் பாத்தீங்க?" என்கிறாள்.

"இப்பதான்." இங்கே நிறுத்தியிருக்கலாம், நிறுத்துவதில்தான் நான் தேர்ந்தவன். "பானு படிச்சுச் சொன்னாங்க."

"வேற ஏதாவது மாத்தணுமா?"

அவள் குரலில் எதுவும் இல்லை. வரிசையில் நிற்கிறவரிடம் சர்க்கரை வேண்டுமா என்று கேட்கிற குரல். இல்லை என்று சொன்னால் சரி என்று வைத்துவிடுவாள், நாளைக்கும் அறந்தாங்கி கேட்பாள், நான் சொல்லிக்கொண்டே இருப்பேன், இரண்டு பேரும் அந்தப் பேப்பரின் இரண்டு ஓரத்தைப் பிடித்துக்கொண்டு அப்படியே கிழவனும் கிழவியும் ஆகிவிடலாம். நான் காலண்டரைப் பார்க்கிறேன். காலண்டருக்குக் கீழே பானு திரையையே பார்த்துக்கொண்டிருக்கிறாள், காது இங்கேதான்.

"எழுதறதுக்கு ஆள் வேணும்னு மாத்தறேன்."

யாரோ ஒரு அம்மா எவ்வளவு நேரம்தான் போன்ல பேசுவ என்று சத்தம் போடுவது கேட்கிறது. பிறகு அரசி எண்ணைச் சொல்கிறாள், ஒவ்வொன்றாக, நடுவில் இடம் விட்டு, காது மந்தமான பெரியவர்களுக்குச் சொல்வது போல. ஏழு. நாலு. நாலு. நான் பானுவுக்குத் திருப்பிச் சொல்கிறேன். ஒன்னு. ஒம்போது. ரெண்டு. நம்பர் உள்ள விழுந்துச்சா என்கிறாள் அரசி. விழுந்துச்சு. சரி, வைக்கிறேன், கூட்டமா இருக்கு.

இனி திருத்த முடியாதாம், பச்சை எழுத்தில் அப்படிப் போட்டிருக்கிறதாம். பானு தாளை அச்சடித்து நீட்டுகிறாள், ஒரு தடவை பாத்துக்கங்க சார் என்று வாய் தவறிச் சொல்லிவிட்டு ஜெராக்ஸ் மிஷின் பக்கம் திரும்பிக்கொள்கிறாள். தாள் சூடாக இருக்கிறது. நாலாக மடித்துப் பூதக்கண்ணாடிக்குப் பக்கத்தில் வைத்துக்கொள்கிறேன்.

அன்று இரவு அரசி சாப்பாடு போட்டாள், குழம்பு இடது பக்கம் என்றாள், பிறகு போனை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய் நாளையிலிருந்து வேண்டாம் என்று யாரிடமோ சொல்லிவிட்டு வந்தாள், ரேஷன் கடை விஷயம் என்று நினைத்தேன். படுக்கையில் அடுத்த நாளுக்கு ஒன்று யோசித்து வைத்தேன், அறந்தாங்கி அருகே ஒரு கழுதை. காலையில் எழுந்து குளியலறைக் கதவைச் சாத்திச் செய்தி முழுவதையும் கேட்டுவிட்டு வாசலுக்கு வந்து நின்றேன். பேப்பர்காரரின் சைக்கிள் தெருமுனையில் திரும்பியது, எங்கள் வாசலில் நிற்காமல் போனது. அடுத்த வீட்டில் பேப்பர் விழுந்தது.